மகன் எழுப்பிய குன்றும் தந்தை வெட்டிய குளமும்



புராதன நாகரிகங்களைக் கருவாகக் கொண்டு விஞ்ஞானக் கதை புனைந்த நாவலாசிரியர் ஒருவரைப் பற்றிப் பேசும்படி என்னைப் பணித்திருக்கிறீர்கள். அதற்காகத் தூரதேசம் போக வேண்டியதில்லை. 1956ஆம் ஆண்டில் நம் இலங்கைத் தீவுக்குக் குடிவந்து, கொழும்பு பார்ன்ஸ் பிளேசில் நெடுங்காலம் வாழ்ந்து, 2008ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில் காலமாகிப் பொறளைக் கனத்தையில் அடக்கம் செய்யப்பட்ட ஆர்தர் சி. கிளார்க் நம் நகரவாசியே ஆவார்.

செய்மதிகளைப் பூமத்திய ரேகைக்கு நேர்மேலே, ஏறத்தாழ 36,000 கிலோமீட்டர் உயரத்தில் நிறுத்தினால், அவை பூமியோடு ஒத்துச் சுழன்று ஓரிடத்திலேயே நிற்பனபோலத் தோன்றுமென்றும், அவற்றைக் கொண்டு உலகெங்கும் செய்தி பரப்பலாமென்றும் 1945ஆம் ஆண்டிலேயே எழுதிய மேதை அவர். அந்த உயரத்திலிருந்து ஒரு வடத்தைப் பூமி வரை இறக்கினால் அது விண்ணுக்கோர் ஏணியாகுமல்லவா? 1960ஆம் ஆண்டில் ருஷ்யப் பொறியியலாளர் யூரி அர்த்சுதானோவ் வெளியிட்ட இந்த எண்ணத்தைக் கிளார்க் 1979ஆம் ஆண்டில் ‘த ஃபவுண்டன்ஸ் ஒஃப் பரடைஸ்’ என்னும் நாவலாக்கினார்; ஹியூகோ, நெபியூலா ஆகிய இரு பரிசுகளும் அதற்குக் கிடைத்தன. ஏணியின் அடி பூமத்திய ரேகையில் ஊன்ற வேண்டுமென்பதற்காக, நம் தீவையே கற்பனையில் சுமார் 800 கிலோமீட்டர் தெற்கே நகர்த்தி, தப்ரபேன் என்ற பழைய பெயரையும் அதற்குச் சூட்டி, சிவனொளிபாதமலையின் சாயலில் ஒரு புனித மலையை அங்கே நிறுத்திய அவரது துணிவை என்னென்பது!

ஆயினும், அந்நாவலின் உயிர்நாடி அந்த வடத்தில் இல்லை என்பதே என் தாழ்மையான அபிப்பிராயம். அது ஐந்தாம் நூற்றாண்டில், சிகிரியாக் குன்றில் இருக்கிறது. தந்தை தாதுசேனனைக் கொன்று அரியணை ஏறிய காசியப்பன், தம்பி முகலன் பாரதத்திலிருந்து படையோடு திரும்புவானென்ற அச்சத்தோடு ஏறத்தாழ 200 மீற்றர் உயரமான பாறையின் உச்சியில் அரண்மனை சமைத்தான். பாறைச் சுவரில் எழில் மங்கையரைத் தீட்டுவித்தான். நிலத்தடி வாய்க்கால்களில் ஓடிவரும் நீர் தன் அழுத்தத்தாலேயே துளைக்கற்களின் வழியே பீறிட்டெழ நீரூற்றுகளை அமைத்தான். மாரிகாலத்தில் அவை இன்றும் பாய்கின்றன. கிளார்க் இவ்வரசனைக் காளிதாசன் என்னும் பெயரில் நாவலுக்குள் கொண்டுவந்து, இருபத்திரண்டாம் நூற்றாண்டில் விண்ணேணி கட்ட வரும் மோர்கன் என்னும் பொறியியலாளனுக்கு எதிரே நிறுத்துகிறார். இருவரும் வானத்தை எட்ட விழைந்தவர்கள்; இருவரும் பிறர் புனிதமெனப் போற்றுவதோடு மோதியவர்கள்; ஒருவன் தன் மகத்துவத்துக்காகக் கட்டினான், மற்றவன் மானிட சமுதாயம் ஏறிச் செல்வதற்காகக் கட்டினான். மகத்தான நிர்மாணம் எதுவானாலும் அதன் விலையை யார் செலுத்துகிறார், அதன் பயனை யார் துய்க்கிறார் என்ற கேள்வியைப் பழைய சிதைவிலிருந்து எடுத்து எதிர்காலத்திடம் கேட்டதே இவ்வாசிரியரின் சாதனை.

நம் தமிழிலே சரித்திர நாவலுக்குக் குறைவில்லை. 1950 முதல் 1954 வரை கல்கி பத்திரிகையில் வெளிவந்த பொன்னியின் செல்வனோடு நம்மில் எத்தனையோ குடும்பங்கள் வாரந்தோறும் அனுராதபுரத்து வீதிகளில் உலவிவந்தன. அந்தப் பேரிலக்கியத்துக்கு என் வணக்கம் உரியது. ஆனால் அதன் வழி வந்த நாம், அரண்மனைச் சூழ்ச்சியையும் வாள்வீச்சையும் இளவரசிகளின் காதலையும் திரும்பத் திரும்ப எழுதினோமேயொழிய, அணைக்கு மண் சுமந்தவனையும் நீர்மட்டம் பார்த்தவனையும் ஏறெடுத்துப் பார்த்தோமா?

இந்தக் கேள்வியைக் காசியப்பனுடைய தந்தையிடமே தொடங்கலாம். புதையல் எங்கேயென்று மகன் நெருக்கியபோது, தாதுசேனன் தான் கட்டிய கலாவாவிக்குச் சென்று, அதன் நீரைக் காட்டி, தன் செல்வம் முழுவதும் அதுவேயென்று சொன்னதாகப் பழைய வரலாற்று நூலான சூளவம்சம் கூறுகிறது. அவ்வாவியிலிருந்து அனுராதபுரம் வரை சுமார் 87 கிலோமீட்டர் ஓடும் கால்வாய், தொடக்கத்துப் 17 மைல்களில் மைலுக்கு 6 அங்குலமே சரிந்து இறங்குகிறது! கருவிகள் மலிந்த இக்காலத்துப் பொறியியலாளரும் வியக்கும் கணிதம் அது. மன்னாரில் நம் விவசாயிகளின் வயல்களுக்கு இன்றும் நீரூட்டும் கட்டுக்கரைக்குளமும் அம்மன்னன் வெட்டியதென்றே மரபு சொல்கிறது. கொன்றவனுடைய குன்றைப் பார்க்கச் சுற்றுலாப் பயணிகள் வருகிறார்கள். கொல்லப்பட்டவனுடைய குளத்தால் சிங்களவரும் தமிழரும் சோறுண்கிறார்கள்.

அன்பர்களே, மகனுடைய குன்றைக் கிளார்க் எழுதிவிட்டார். தந்தையின் குளம் இன்னும் எழுதப்படாமல் கிடக்கிறது. மழை பொய்த்த வருங்கால உலகில், கட்டுக்கரையின் மதகைத் திறக்கும் அதிகாரம் யாருக்கு என்ற வழக்கைக் கருவாக்கி ஒரு விஞ்ஞான நாவல் எழுதக்கூடாதா? இங்கு அமர்ந்திருக்கும் இளைஞர்களே, யுவதிகளே, வம்சகதைகளையும் நீர்ப்பாசன நூல்களையும் ஒருங்கே கற்றுக்கொள்ளுங்கள். மன்னாருக்குச் சென்று, வாய்க்கால் முறைவைத்து நீர் பாய்ச்சும் கமக்காரரிடம் பாடம் கேளுங்கள். பிறகு பேனாவை எடுங்கள். அப்படி ஒரு நாவல் நம் மொழியில் பிறக்குமானால், அதைச் சிங்களத்தில் பெயர்த்துத் தரும்படி கேட்பவர்களும் இந்நகரிலேயே இருப்பார்கள்.