கொட்டாவியைக் கண்ட கண்கள்

(குறுவள மையப் பயிற்சியில் பட்டதாரி ஆசிரியர் ஒருவர் பேசியதன் எழுத்து வடிவம்)

சாப்பாட்டு நேரம் நெருங்குகிறது, சுருக்கமாகப் பேசுகிறேன்.

என் பத்தாம் வகுப்பில் ஒரு மாணவன் இருந்தான். முதல் பாடவேளையிலேயே ஓயாமல் கொட்டாவி விடுவான். மூக்கு ஒழுகும், கண்ணில் நீர் வடியும். வயிற்றைப் பிடித்துக்கொண்டு வெளியே போகக் கேட்பான். பங்குனி வெயிலில் ஸ்வெட்டர் போட்டு வருவான். ‘சளி டீச்சர்’ என்பான். சோம்பேறி என்று முடிவு கட்டினேன். அவன் அம்மாவை அழைத்து, டி.சி. வாங்கிக்கொள்ளச் சொன்னதும் நான்தான். “இங்க வந்தாலாவது உங்க கண்ணு முன்னாடி இருப்பான் டீச்சர்” என்றார். எனக்கு அது காதில் ஏறவில்லை.

இரண்டு ஆண்டு கழித்து, அரசு மருத்துவமனை மனநலப் பிரிவு வாசலில் அந்த அம்மாவைப் பார்த்தேன். வலி மாத்திரையில் தொடங்கி ஹெராயினில் வந்து நின்றிருந்தான். இரண்டும் மூளையில் ஒரே இடத்தில்தான் வேலை செய்கின்றன என்றார் மருத்துவர். கடைசியாக எடுத்த சில மணி நேரத்தில் உடம்பு கேட்கத் தொடங்கும்; கொட்டாவி, மூக்கொழுகல், புல்லரிப்பு, வயிற்றுவலி எல்லாம் அதன் அடையாளம். எடுத்திருக்கும்போது கண்மணி ஊசிமுனையாகச் சுருங்கும். அறிவியல் ஆசிரியை நான். நாள்தோறும் பார்த்தும் படிக்கத் தெரியவில்லை.

இன்னொன்றும் சொன்னார். சில வாரம் விட்டிருந்தவன் பழைய அளவையே எடுத்தால் மூச்சு நின்றுபோகலாம். ஆகவே, சிகிச்சை முடிந்து வகுப்புக்குத் திரும்பும் பிள்ளையை ‘சரியாகிவிட்டான்’ என்று விட்டுவிடக் கூடாது. அப்போதுதான் கூடுதலாகக் கவனிக்க வேண்டும்.

பையைச் சோதிக்கிறோம், காலை வணக்கக் கூட்டத்தில் உறுதிமொழி எடுக்கிறோம். வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் ஏற்கெனவே மாட்டிக்கொண்டவனுக்கு அந்த உறுதிமொழியில் இடமில்லை. 14446 கட்டணமில்லா உதவி எண்; பெற்றோரை அதில் பேச வையுங்கள். சிறாருக்குப் போதைப்பொருள் கொடுப்பவருக்கு, 2015 இளைஞர் நீதிச் சட்டம் 77-ஆம் பிரிவில் ஏழு ஆண்டு வரை கடுங்காவல் உண்டு. தண்டனை அங்கே இருக்கட்டும். நம் பிள்ளைக்கு மருத்துவம்.

அவன் இப்போது நாக்கின் அடியில் வைக்கும் மாத்திரையில் இருக்கிறான். நடுவே இரண்டு முறை சறுக்கினான். தனித்தேர்வராக எழுதப்போகிறான், ஞாயிறுதோறும் என் வீட்டுக்கு வருகிறான். போன வாரம் ஒளியியல் நடத்தும்போது கொட்டாவி விட்டான். என் கை நின்றுவிட்டது. “தங்கச்சிக்குக் காய்ச்சல் டீச்சர், ராத்திரி முழிச்சிருந்தேன்” என்றான்.

நம்பினேன். மாலையில் அவன் அம்மாவுக்குப் போனும் செய்தேன். காய்ச்சல்தான்.