நனைந்த பாய்க்குக் கனவு காரணமா?

(கூட்டமைப்பின் மாதாந்திரக் கூட்டத்தில் சுகாதாரக் குழு சார்பில் பேசியது)



இன்றைக்கு நாங்கள் எடுத்திருக்கிற விஷயத்தைக் கேட்டதும் சிலர் சிரிப்பீர்கள். சிலர் தலையைக் குனிந்துகொள்வீர்கள். தலையைக் குனிகிறவர்களுக்காகத்தான் இந்தப் பேச்சு. வளர்ந்த பெரியவர்கள் ராத்திரி தூக்கத்தில் படுக்கையை நனைத்துவிடுவதைப் பற்றிப் பேசப்போகிறோம். கூடவே, "கனவு வந்துச்சு, அதனாலதான் ஆச்சு" என்று நாம் சொல்கிறோமே, அது உண்மையா என்றும் பார்ப்போம்.

நம் குழுவில் ஒரு அக்கா இருக்கிறார். அவங்க சம்மதத்தோடுதான் சொல்கிறோம். பேரும் ஊரும் வேண்டாம். வயது 43. பயர் ஆபீசில் சரம் பின்னுகிற வேலை. சேமிப்பு கட்டுவதில் ஒரு மாதம் தவறியதில்லை. ஆனால் மதுரையில் இரண்டு நாள் தங்கிப் பயிற்சி என்று மூன்று தடவை அழைத்தும் வரவில்லை. "கடன் பாக்கி இருக்கு, அதான் மூஞ்சியக் காட்ட மாட்டேங்கிறா" என்று நம்மில் சிலரே பேசினோம். அதைவிட, தலைப்பிரசவம் ஆன மகளைப் பார்க்கப் போனவர், ஒரு ராத்திரிகூடத் தங்காமல் கடைசி பஸ்ஸைப் பிடித்துத் திரும்பிவிட்டார். மகளுக்கு மனசு விட்டுப்போச்சு. சம்பந்தி வீட்டிலும் வருத்தம்.

நாங்கள் இரண்டு பேர் நேரில் போய் உட்கார்ந்தோம். ரொம்ப நேரம் பேசாமல் இருந்துவிட்டுச் சொன்னார்:

"ராத்திரியில ஒரு கனவு வருது மதினி. கம்மாக்கரையில கருவேலஞ்செடி மறைவுக்குப் போறேன். ஆள் அரவம் இல்ல. உக்காருறேன். முழிச்சுப் பார்த்தா பாய் நனைஞ்சு கெடக்கு. பத்து மாசமா இப்படித்தான். இந்தக் கோலத்துல நான் யார் வீட்ல போய்ப் படுக்க?"

கோடாங்கியிடம் கேட்டிருக்கிறார். கம்மாக்கரையில் எதையோ பார்த்துப் பயந்திருப்பதாகக் குறி சொல்லியிருக்கிறார்கள். கயிறு கட்டியாச்சு. இருக்கன்குடி மாரியம்மனுக்கு நேர்ந்தும் விட்டாச்சு. உள்கடனாக வாங்கிய 4,000 ரூபாய் இதிலேயே கரைந்துவிட்டது. சாமி கும்பிடுவதை நாங்கள் குறை சொல்லவில்லை. ஆனால் அந்தப் பத்து மாதமும் அவர் ஒரு டாக்டரைப் பார்க்கவில்லை. கனவுதான் காரணம் என்று நம்பிவிட்டால் டாக்டரிடம் போகத் தோணாது அல்லவா? அதுதான் இதில் உள்ள ஆபத்து.

கனவு முதலிலா, ஈரம் முதலிலா?

நம் தூக்கம் ஒரே மாதிரி இருப்பதில்லை. ஆழ்ந்த தூக்கமும் கனவுத் தூக்கமும் சுமார் ஒன்றரை மணி நேரத்துக்கு ஒரு சுற்றாக மாறிமாறி வரும். முன்னிரவில் ஆழ்ந்த தூக்கம் அதிகம். விடியப்போகிற நேரத்தில் கனவுத் தூக்கம் அதிகம்.

ரோஜர் பிராட்டன் என்ற கனடா நாட்டு மருத்துவர் இதை ஆராய்ந்து 1968-இல் 'சயன்ஸ்' என்ற அறிவியல் இதழில் எழுதினார். தூங்குகிறவர்களின் தலையில் கருவி பொருத்தி, எந்த நேரத்தில் படுக்கை நனைகிறது என்று கவனித்தார்கள். பெரும்பாலும் கனவு இல்லாத ஆழ்ந்த தூக்கத்தில்தான் அது தொடங்கியது. நனைந்தவுடனே எழுப்பிக் கேட்டால், கனவு எதுவும் வரவில்லை என்றார்கள். ஈரத்தோடு அப்படியே தூங்க விட்டால், அதற்குப் பிறகு வந்த கனவில் தண்ணீரும் ஈரமும் வந்தன. காலையில் எழுந்தவர்களுக்குக் கனவு மட்டும் நினைவில் இருந்தது. அதனால் கனவுதான் முதலில் வந்தது என்று நினைத்துக்கொண்டார்கள். பின்னால் நடந்த ஆய்வுகளில், தூக்கத்தின் எந்த நிலையிலும் படுக்கை நனையலாம் என்று தெரிந்தது.

"எனக்குக் கனவு வந்த பிறகுதானே ஆச்சு" என்று சிலர் கேட்கலாம். அதுவும் நடக்கும். பசியோடு படுத்தால் சோற்றுக் கனவு வருகிற மாதிரி, மூத்திரப்பை நிறைந்தால் கக்கூஸைத் தேடுகிற கனவு வரும். பை நிறைந்துவிட்டது என்று உடம்பு அனுப்புகிற தபால் அது. பலருக்கு அந்தத் தபால் வந்ததும் முழிப்புத் தட்டிவிடும். சிலருக்குத் தட்டாது. எப்படி இருந்தாலும் பை நிறைந்ததற்குக் கனவு காரணமில்லை.

கனவின் மேலும் பயத்தின் மேலும் பழி போடுவது நம் ஊரில் மட்டும் இல்லை. ஜப்பானிலும் கொரியாவிலும், நெருப்போடு விளையாடுகிற பிள்ளை ராத்திரி படுக்கையை நனைக்கும் என்று பெரியவர்கள் சொல்வது வழக்கம். அது உண்மையானால் சாத்தூர், வெம்பக்கோட்டை, சிவகாசி பக்கம் ஒரு பாய்கூடக் காயாது! கொரியாவில் முன்பெல்லாம் படுக்கையை நனைத்த பிள்ளையின் தலையில் சொளகைக் கவிழ்த்து, பக்கத்து வீட்டுக்குப் போய் உப்பு வாங்கி வா என்று அனுப்புவார்கள். ஊரே பார்த்துச் சிரிக்கும். வெட்கப்படுத்தினால் நின்றுவிடும் என்ற நம்பிக்கை. நாமும் வேறு விதமாக அதையேதான் செய்கிறோம்.

உண்மையான காரணங்கள்

வளர்ந்தவர்களில் நூற்றுக்கு ஒருவர் அல்லது இருவருக்கு இந்தத் தொந்தரவு இருப்பதாக மருத்துவர்கள் சொல்கிறார்கள். நம் கூட்டமைப்பில் 20 குழு, குழுவுக்கு 15 பேர் என்றால் மொத்தம் 300 பேர். அப்படியானால் நமக்குள்ளேயே மூன்று பேராவது இருக்கக்கூடும். இதுவரை ஒருவரும் வாய் திறந்ததில்லை.

சிலருக்குச் சின்ன வயதிலிருந்தே நிற்காமல் இருக்கும். ராத்திரியில் மூத்திரம் குறைவாக ஊறுவதற்கு வாசோபிரசின் என்ற சுரப்பு உதவுகிறது. அது சிலருக்குப் போதுமான அளவு சுரப்பதில்லை. சிலருக்குப் பை கொஞ்சமாகத்தான் தாங்கும். இது பரம்பரையாகவும் வரும். தாய்க்கும் தகப்பனுக்கும் சின்ன வயதில் இருந்திருந்தால் பிள்ளைக்கு வருகிற வாய்ப்பு ரொம்ப அதிகம். அதனால் பிள்ளையை அடிக்கக் கை ஓங்குவதற்கு முன்னால் நம் சின்ன வயதை நினைத்துப் பார்க்கணும்.

நல்லா இருந்தவர்களுக்குப் புதிதாக வந்தால் கண்டிப்பாக டாக்டரிடம் காட்டணும். சர்க்கரை நோயாக இருக்கலாம். ரத்தத்தில் சர்க்கரை ஏறினால் உடம்பு அதைத் தண்ணீரோடு சேர்த்து வெளியே தள்ளும். தாகமும் எடுக்கும், மூத்திரமும் கூடும். மூத்திரத் தொற்று, நாள்பட்ட மலச்சிக்கல், கர்ப்பப்பை இறக்கம், தூக்க மாத்திரை இவையும் காரணமாகலாம். ஆண்களுக்குக் குடிப்பழக்கமும், வயதானவர்களுக்கு புரோஸ்டேட் சுரப்பி வீக்கமும் சேரும். பலமாகக் குறட்டை விட்டு, நடுவில் மூச்சு நின்று நின்று வருகிறவர்களுக்கும் வரலாம். காலையில் நாக்கு கடிபட்டு, உடம்பெல்லாம் வலித்து, படுக்கையும் நனைந்திருந்தால் தூக்கத்தில் வலிப்பு வந்திருக்கக்கூடும். காலில் பலம் குறைந்தால், மரத்துப்போனால், முதுகுத் தண்டைக் கவனிக்கணும். மூத்திரத்தில் ரத்தம், காய்ச்சல், விலாவில் வலி இருந்தால் ஒரு நாள்கூடத் தள்ளிப்போடக் கூடாது.

நம் வேலையும் ஒரு காரணம்

அந்த அக்காவின் ஒரு நாளைக் கேட்டோம். விடியற்காலையில் சமைத்து வைத்துவிட்டு வேன் ஏறுகிறார். பீஸ் ரேட் வேலை. எழுந்து போனால் எண்ணிக்கை குறையும். கக்கூஸ் தூரத்தில் இருக்கிறது, கதவுக்குத் தாழ்ப்பாள் இல்லை. அதனால் தண்ணீரே குடிப்பதில்லை. சாயங்காலம் வீட்டுக்கு வந்துதான் சொம்பு சொம்பாகக் குடிக்கிறார். நம்மில் பாதிப் பேர் கதை இதுதானே?

பகலெல்லாம் தண்ணீர் குடிக்காமல் அடக்கி வைத்தால் மூத்திரத் தொற்றும் மலச்சிக்கலும் வரும். குடிக்க வேண்டிய தண்ணீரையெல்லாம் ராத்திரியில் குடித்தால் பை ராத்திரியில்தான் நிறையும். 1948-ஆம் ஆண்டுத் தொழிற்சாலைகள் சட்டத்திலேயே பெண்களுக்குத் தனிக் கழிப்பறை வேண்டும், வேலை நேரம் முழுக்க அதைப் பயன்படுத்த முடியணும், குடிதண்ணீரும் வேண்டும் என்று எழுதிவைத்தார்கள். இப்போது வந்திருக்கிற புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்பிலும் முதலாளிக்கு இந்தக் கடமை உண்டு. நாம் கேட்பது சலுகை இல்லை.

வெடிச் சத்தம் கேட்கிற கனவு

இந்த மண்ணில் இன்னொரு விதமான கனவும் உண்டு. 2012 செப்டம்பர் 5-ஆம் தேதி முதலிப்பட்டியில் நடந்த விபத்தை நாம் மறக்கவில்லை. 35-க்கும் மேற்பட்டவர்கள் போய்விட்டார்கள். 2021 பிப்ரவரியில் அச்சங்குளம். அதற்குப் பிறகும் எத்தனையோ. உயிர் தப்பியவர்களும், உடலை அடையாளம் காட்டப் போனவர்களும் ராத்திரியில் அதே சத்தத்தைக் கேட்டு அலறி எழுகிறார்கள். பெரிய அதிர்ச்சிக்குப் பிறகு, ஏற்கெனவே நின்றுபோன படுக்கை நனைத்தல் சிலருக்கு மறுபடி வரும். அவர்களைப் பேய் பிடிக்கவில்லை. மனசில் பட்ட காயம் இன்னும் ஆறவில்லை. அதற்கும் வைத்தியம் உண்டு. அரசுத் தலைமை மருத்துவமனையில் மனநல மருத்துவரைப் பார்க்கலாம். 14416 என்ற இலவச எண்ணில் பேசலாம், தமிழிலேயே பேசுவார்கள்.

நாம் செய்ய வேண்டியவை

1. மூன்று நாள் கணக்கு எழுதுங்கள். எத்தனை மணிக்கு எவ்வளவு தண்ணீர் குடித்தோம், எத்தனை மணிக்குப் போனோம், ராத்திரி நனைந்ததா என்று, குழுக் கணக்கு எழுதுகிற மாதிரியே. டாக்டருக்கு அது ரொம்ப உதவும்.

2. தண்ணீரைப் பகலில் பிரித்துக் குடியுங்கள். படுப்பதற்கு இரண்டு மணி நேரம் முன்பிருந்து குறையுங்கள். சாயங்காலத்துக்கு மேல் டீ, காபி வேண்டாம்.

3. படுக்கப் போகும்போது ஒரு தடவை போய்விட்டு வந்து, சிறிது நேரம் கழித்து இன்னொரு தடவை போங்கள்.

4. மூத்திரத்தை நிறுத்துகிற மாதிரி அடிப்பகுதியை இறுக்கி, ஐந்து எண்ணி, தளர்த்துங்கள். ஒரு தடவைக்குப் பத்து முறை, நாளைக்கு மூன்று தடவை. மூத்திரம் போகும்போது இதைச் செய்யக் கூடாது. பலன் தெரிய இரண்டு மூன்று மாதம் ஆகும்.

5. ஆரம்ப சுகாதார நிலையத்தில் சர்க்கரையும் மூத்திரமும் பரிசோதியுங்கள். 2021-இல் தொடங்கிய 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டத்தில் வீடு தேடி வந்து சர்க்கரை பார்த்தவர்களில் நம் குழுப் பெண்களும் உண்டு. நம்ம ஆளிடம் சொல்ல என்ன தயக்கம்?

6. டெஸ்மோபிரசின் என்ற மாத்திரை சிலருக்குக் கொடுப்பார்கள். டாக்டர் சொல்லாமல் வாங்கக் கூடாது. அதைப் போட்டுக்கொண்டு ராத்திரி நிறையத் தண்ணீர் குடித்தால் ரத்தத்தில் உப்புச் சத்து ஆபத்தான அளவுக்குக் குறைந்துவிடும்.

அந்த அக்காவோடு எங்களில் ஒருவர் துணைக்குப் போனார். சர்க்கரை 300-க்கு மேல் இருந்தது. மூத்திரத்தில் தொற்றும் இருந்தது. மாத்திரை தொடங்கி, தண்ணீர் குடிக்கிற நேரத்தையும் மாற்றினார். இரண்டு மாதத்தில் பாய் காய்ந்தது. போன மாதம் மகள் வீட்டில் நாலு நாள் தங்கி, பேத்தியைப் பக்கத்தில் போட்டுக்கொண்டு தூங்கினாராம். "அந்தக் கம்மாக்கரைக் கனவு இன்னும் எப்பவாவது வருது மதினி. ஆனா இப்ப எந்திரிச்சிருறேன்" என்று சொல்லிச் சிரித்தார்.

எல்லாருக்கும் இரண்டு மாதத்தில் சரியாகிவிடும் என்று நாங்கள் சொல்லமாட்டோம். ஆனால் காரணம் தெரிந்தால் பாதிப் பாரம் இறங்கிவிடும்.

கடைசியாக இரண்டு தீர்மானம் முன்வைக்கிறோம். ஒன்று, தங்கிப் பயிற்சிக்கு வராதவர்களைப் பற்றி இனி நாம் காரணம் கற்பிக்க மாட்டோம். ஒருவர் தனியாகப் போய்க் கேட்போம். தங்குகிற இடத்தில் கேட்காமலே மாற்று விரிப்பு வைப்போம். இரண்டு, நம் உறுப்பினர்கள் வேலை பார்க்கிற இடங்களில் தாழ்ப்பாள் உள்ள கக்கூஸும் தண்ணீரும் இருக்கிறதா என்று குழுவாரியாகக் கணக்கெடுத்து, இல்லாத இடங்களுக்குக் கூட்டமைப்பின் பேரில் மனுக் கொடுப்போம்.

சம்மதம் என்றால் தீர்மானப் புத்தகத்தில் கையெழுத்துப் போடுங்கள். பேச நினைக்கிறவர்கள் கூட்டம் முடிந்ததும் எங்களில் யாரிடம் வேண்டுமானாலும் வரலாம். சொன்னது எங்களோடு இருக்கும்.