கடிகார முள் யார் கையில்?

(மானிப்பாயில் நடைபெற்ற கூட்டமொன்றில் ஆற்றிய உரை)



காலத்தை முன்னும் பின்னும் ஓட்டும் யந்திரம் ஒன்றைக் கைப்பற்ற நாடுகள் போர் புரிவதாகக் கதை எழுதுகிறார்கள். நம் பிள்ளைகள் அதனைப் படமாகவும் பார்க்கிறார்கள். வெறுங் கற்பனை என்று நாம் அதனைத் தள்ளிவிட முடியாது. காலத்தின் மீது ஆணை செலுத்தும் போட்டியை இந்த மானிப்பாய் கண்டிருக்கிறது. அதற்கு யந்திரம் எதுவும் வேண்டியிருக்கவில்லை. ஓர் அரசாங்க அறிவித்தலே போதுமானதாயிருந்தது.

நமது ஊர் கிழக்குத் தீர்க்கரேகை ஏறக்குறைய 80 பாகையில் உள்ளது. பாகைக்கு நான்கு நிமிடமாகக் கணக்கிட்டால், ஞாயிறு நமக்கு வகுத்த நேரம் கிரீனிச் நேரத்துக்கு 5 மணி 20 நிமிடம் முந்தியது. 1906இல் இலங்கைக்கு வகுக்கப்பட்ட பொது நேரம் 5 மணி 30 நிமிடம். பத்து நிமிட வேற்றுமையை எவரும் பெரிதுபடுத்தவில்லை. யப்பானோடு போர் மூண்டபோது, 1942இல், வெள்ளையர் ஆட்சி அந்த நேரத்தை இருமுறை முன்னே தள்ளியது. போர் முடிந்ததும் 1945இல் பழைய நிலைக்கே கொண்டுவந்தது.

சுதந்திர இலங்கை செய்தது என்ன? 1995 ஒக்டோபர் 30ஆம் திகதி வலிகாமம் தென்மராட்சிக்குப் பெயர்ந்ததை இச்சபையில் உள்ளோர் மறந்திருக்க மாட்டீர்கள். மறு ஆண்டு சித்திரையில் மீண்டு வந்தோம். முற்றத்துப் புல்லை வெட்டி முடிக்கு முன்னரே, 1996 மே 25ஆம் திகதி நாட்டின் கடிகாரம் ஒரு மணி நேரம் முன்னே தள்ளப்பட்டது. மழை பொய்த்து நீர்த்தேக்கங்கள் வற்றின; மின்சாரத்தைச் சேமிக்கவேண்டும் என்பதே காரணம். ஆனால் அந்நாளில் குடாநாட்டுக்கு அந்த மின்தொடரே இல்லை! போரில் அறுந்த தொடர் போர் முடிந்த பின்னரே மீண்டும் பொருத்தப்பட்டது. மண்ணெண்ணெய் விளக்கில் இருந்த நாம் எந்த மின்சாரத்தைச் சேமித்தோம்?

ஞாயிற்றுக்கும் கடிகாரத்துக்கும் இடையே அன்று 70 நிமிட இடைவெளி. தோட்டத்து இறைப்புக்கு ஞாயிறுதான் மணி. பள்ளிக்கூடத்துக்கும் கச்சேரிக்கும் சுவர்க்கடிகாரமே மணி. பஞ்சாங்கத்து முகூர்த்தத்தை நம்பிக் கலியாணத்துக்குப் புறப்பட்டவன் ஊரடங்கு நேரத்தில் அகப்பட்டால், வாக்கியமும் துணைவராது, திருக்கணிதமும் துணைவராது.

அவ்வாண்டு ஒக்டோபரில் அரை மணி நேரம் குறைக்கப்பட்டது. வன்னியில் விடுதலைப் புலிகளோ இரு மாற்றங்களையும் ஏற்காது பழைய நேரத்தையே வைத்திருந்தனர். 2002இல் கண்டி வீதி திறந்தபோது, யாழ்ப்பாணத்திலிருந்து வவுனியாவுக்குச் சென்றவர் முகமாலையில் அரை மணியைக் குறைத்து ஓமந்தையிற் கூட்டிக்கொண்டார். “பழைய நேரமா, புதிய நேரமா?” என்று கேளாமல் ஒருவரைச் சந்திக்க நாள் குறிக்க முடியாதிருந்தது. ஒரு தரப்பு மக்களைக் கேளாமல் மாற்றியது. மறு தரப்பு மக்களைக் கேளாமல் மறுத்தது. நியாயத்தை விரும்பும் நாம் இரண்டையும் சொல்லவேண்டும்.

2006 ஏப்பிரல் 15ஆம் திகதி நாடு பழைய நேரத்துக்குத் திரும்பியது. கொழும்பிலும் கிளிநொச்சியிலும் கடிகாரம் ஒன்றாயிற்று. நான்கு மாதம் செல்லுமுன் கண்டி வீதி மூடப்பட்டது. போர் மீண்டும் மூண்டது. வட கொரியா 2015இல் தன் நேரத்தை அரை மணி பின்தள்ளி, 2018இல் தென் கொரியாவின் நேரத்தோடு மீண்டும் இணைத்தது. அங்கும் நேரம் ஒன்றானது, நாடு ஒன்றாகவில்லை. முள்ளைத் திருப்புவது எளிது. மனத்தைத் திருப்புவதற்குச் சம்மதம் வேண்டும்.

சபையோரே! இது முடிந்துபோன கதை என்று எண்ணிவிடாதீர்கள். கடிகாரத்திலும் வலிய யந்திரம் ஒன்று சட்டத்தினுள் இருக்கிறது. அதன் பெயர் கால எல்லை. பிறர் காணியைப் பத்தாண்டுகள் தடையின்றி ஆண்டவன் உரிமை கோரலாம் என்பது 1871ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டம். போரினால் ஊரைவிட்டு ஓடியவன் எவ்வாறு தடை சொல்வான்? ஆகையால் 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம், ஆயுதப் போராட்டத்தால் தம் உரிமையை நாடமுடியாது போனவர்களுக்காக, 1983 மே 1 முதல் 2009 மே 18 வரையான காலத்தை அந்தக் கணக்கினின்று நீக்கியது. இருபத்தாறு ஆண்டுகள் சட்டத்தின் கடிகாரம் நின்றதாகக் கொள்ளப்பட்டது. அது நீதிக்காக நிறுத்திய கடிகாரம்.

அதே சட்டத்தால் கடிகாரத்தை விரட்டவும் முடியும். காணி நிர்ணயக் கட்டளைச் சட்டத்தின் கீழ் 2025 மார்ச் 28ஆம் திகதி வெளியான வர்த்தமானி அறிவித்தல், வட மாகாணத்தில் 5,900 ஏக்கருக்கு மேற்பட்ட காணிகளைக் குறித்து மூன்று மாதத் தவணை வைத்தது. அதற்குள் உரிமை கோரப்படாதவை அரச காணியாகும் என்றது. உறுதி எரிந்தவன், தந்தையின் மரணச் சான்றிதழ் இல்லாதவள், கனடாவிலும் தமிழகத்து முகாமிலும் இருப்பவர் ஆகியோருக்கெல்லாம் மூன்று மாதம்! தவணை முடியும் தறுவாயில், ஜூன் 27ஆம் திகதி, உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடை விதித்தது. ஒரு நாள் கணக்கிலேதான் தப்பினோம்.

ஆகவே நாம் கேட்பது இது. மக்களின் பொது அளவையை மாற்றுவோர் முதலில் மக்களைக் கேட்கவேண்டும். காணி பற்றிய அறிவித்தல் கிராமந்தோறும் தமிழில் ஒட்டப்படவேண்டும். போர் தின்ற ஆண்டுகளுக்குத் தக்க தவணை வேண்டும்.

நமக்கும் கடமையுண்டு. உறுதியைப் பெட்டியிற் பூட்டி வைத்தாற் போதாது. பதிவைப் பாருங்கள், எல்லையை அளவுங்கள், முதுசத்தைப் பங்கிட்டு எழுதுங்கள். சட்டத்தரணிகளாகிய நாம் ஏழைக் கமக்காரனின் பத்திரத்தைக் கூலி பாராது படித்துச் சொல்வோம்.

பயிர் நாளைக்கு இறைக்கலாம் என்றால் வாடிவிடும் என்பது உங்களுக்குத் தெரியும். உரிமையும் அத்தகையதே.