சுட்டபோதும் நாடகத்தை நிறுத்தாத நிலம்பூர் ஆயிஷா

(பஞ்சாலைத் தொழிலாளர் நாடகக் குழுவின் ஒத்திகை தொடங்கிய அன்று, கோவை வட்டாரத்தில் கட்சி முழுநேர ஊழியர் ஒருவர் ஆற்றிய உரை)



அரை நைட் ஷிப்டுக்குப் போக வேண்டியவர்கள் முன்வரிசையில் உட்கார்ந்திருக்கிறீர்கள். சுருக்கமாகப் பேசு என்று சங்கச் செயலாளர் இப்போதே சீட்டு அனுப்பிவிட்டார். முடிந்தவரை பார்க்கிறேன்.

போன வாரம் டீக்கடையில் ஒரு பேச்சு அடிபட்டது. இந்த முறை நம் நாடகத்தில் இரண்டு பெண் தோழர்கள் நடிக்கிறார்கள். ஒருவர் கோன் வைண்டிங்கில் வேலை செய்கிறவர். இன்னொருவர் நாற்று நடவுக்கும் களையெடுப்புக்கும் போகிற விவசாயக் கூலி. "பொம்பளைங்க எதுக்கு? போன வருஷம் மாதிரி ஆம்பளையே சேலை கட்டிக்கிட்டா போகுது" என்று ஒருவர் சொன்னார். சொன்னவர் முதலாளி வீட்டு ஆள் அல்ல. நம் சங்கத்து அண்ணன்தான். ஒரு மாதம்கூட சந்தா பாக்கி வைக்காதவர். இங்கேதான் இருக்கிறார், பெயரைச் சொல்ல மாட்டேன். தலையைக் குனியாதீர்கள் அண்ணே!

போன வருஷம் சேலை கட்டியவர் நம் சைடர் தோழர். பாவம், மீசையை வேறு எடுத்தார். பட்டினியில் குழந்தையைப் பறிகொடுத்த தாய் மாரில் அடித்துக்கொண்டு அழுகிறாள். கூட்டம் என்ன செய்தது? விழுந்து விழுந்து சிரித்தது. நம்முடைய சொந்தத் துக்கத்தைப் பார்த்து நாமே சிரித்துவிட்டு வீட்டுக்குப் போனோம். அன்று ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை.

இந்தக் கேள்வியை 70 வருஷத்துக்கு முன்பே கேட்டுப் பதில் கண்ட ஊர் ஒன்று இருக்கிறது. தூரதேசம் இல்லை. கூடலூரிலிருந்து நாடுகாணி வழியாக மலை இறங்கினால் வருகிற நிலம்பூர். தேக்குக்குப் பேர்போன ஊர். இன்று கேரளத்தில் மலப்புறம் ஜில்லா. 1956 நவம்பருக்கு முன்னால் அது மலபார் ஜில்லா. நம் சென்னை ராஜ்யத்தில் அடக்கம். நான் சொல்லப்போவது தொடங்குவது 1953-ல். ஆகவே அன்றைக்கு அவர்களும் நாமும் ஒரே சர்க்காரின் கீழ் இருந்தவர்கள்.

மலபாரில் நாடகம் பொழுதுபோக்கு மட்டுமாக இருந்ததில்லை. 1929-ல் வி.டி. பட்டத்திரிப்பாடு, நம்பூதிரி வீடுகளில் பெண்கள் அடுக்களைக்குள் அடைபட்டுக் கிடந்த கொடுமையை நாடகமாக்கினார். 1937-ல் தோழர் கே. தாமோதரன் 'பாட்டபாக்கி' எழுதினார். குத்தகை பாக்கி என்று அர்த்தம். தலைப்பைக் கேட்டாலே நம் குத்தகை விவசாயிகளுக்கு விஷயம் புரிந்துவிடும். 1952-ல் தோப்பில் பாசியின் 'நிங்ஙளென்னெ கம்யூனிஸ்டாக்கி' தெற்குக் கேரளத்தில் கிராமம் கிராமமாகப் போயிற்று.

நிலம்பூரில் இ.கே. ஆயமு என்று ஒரு தோழர். அவர் எழுதிய நாடகத்தின் பெயர் 'இஜ்ஜு நல்லொரு மனிசனாகான் நோக்கு'. 'இஜ்ஜு' என்றால் 'நீ'. ஏறநாட்டு மாப்பிள்ளை முஸ்லிம்கள் வீட்டிலும் வயலிலும் பேசுகிற பேச்சு அது. நம் பாஷையில் சொன்னால், 'நீ நல்ல மனுஷனாகப் பாரு'. தன் சமுதாயத்துக்குள்ளிருந்தே, தன் ஜனங்களின் பேச்சிலேயே கேள்வி கேட்ட நாடகம். அதிலும் முதலில் ஆண்களே பெண் வேஷம் போட்டார்கள். பார்த்த தோழர் இ.எம்.எஸ்., பெண் பாத்திரத்தில் பெண்களையே நடிக்க வைக்கக் கூடாதா என்று கேட்டார்.

கேட்பது சுலபம்! முஸ்லிம் பெண், அதுவும் 1953-ல், அதுவும் ஏறநாட்டில், ஆயிரம் பேர் பார்க்க மேடை ஏற வேண்டும். யார் வருவார்?

வந்தவர்தான் ஆயிஷா. 20 வயதைத் தொடாத பெண். ஒரு காலத்தில் வசதியாக வாழ்ந்த குடும்பம். தகப்பனார் போனபின் எல்லாம் போயிற்று, பட்டினி வந்தது. 14 வயதுக்குள் இந்தப் பெண்ணை 40 தாண்டிய ஒருவருக்குக் கட்டிக் கொடுத்தார்கள். அந்தக் கலியாணம் நாள் கணக்கில்தான் நின்றது. வீட்டில் மிச்சமிருந்த கிராமபோன் பெட்டியோடு சேர்ந்து அவர் பாடிக்கொண்டிருந்ததைக் கேட்டுத்தான், நாடகத்துக்கு வருகிறாயா என்று அழைத்தார்கள்.

உம்மா பயந்தார். ஊர் என்ன சொல்லும், சமுதாயம் என்ன செய்யும் என்றார். எந்தத் தாயும் அதைத்தான் சொல்வார். அவரைக் குறைசொல்ல மாட்டேன். ஆயிஷா சொன்ன பதிலின் சாரம் இது: நாம் பசித்துக் கிடந்தபோது ஒரு பிடி அரிசி கொண்டுவந்து கொடுக்காதவர்களுக்கு, நம்மைத் தண்டிக்க மட்டும் உரிமை எங்கிருந்து வந்தது? இதை அவர் பிற்காலத்தில் பல பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். தோழர்களே, இந்தப் பெண் அப்போது எந்தக் கட்சிப் பள்ளிக்கும் போனவர் அல்ல. அடுப்பில் பூனை தூங்கிய வீட்டிலிருந்து வந்த கேள்வி இது.

ஆயிஷா மேடை ஏறினார். நடித்தார், பாடினார். ஜனம் திரண்டது. எதிர்ப்பும் திரண்டது. குடும்பத்தை ஊர் ஒதுக்கிவைத்தது. நாடகம் நடக்கும்போதே கல் வந்து விழுந்தது. கையெழுத்து இல்லாத கடிதங்களும் கூச்சலும் போதவில்லை என்று கடைசியில் துப்பாக்கியையே எடுத்தார்கள்.

மஞ்சேரியில் நாடகம். ஆயிஷா வசனம் பேசிக்கொண்டிருக்கிறார். கூட்டத்திலிருந்து ஒருவன் சுட்டான். வசனம் பேசியபடியே அவர் சற்று நகர்ந்ததால் குறி தப்பிற்று. தோட்டா திரையில் பாய்ந்தது. நடிக்கிறவர்களுக்குத் தெரியும், வசனத்தோடு கால் தானாக நகரும். அந்த ஓரடி நகர்ந்த கால்தான் அவர் உயிரைக் காத்தது. அதற்குப் பிறகும் அவர் நாடகத்தை விடவில்லை.

துப்பாக்கி என்பது அந்த மண்ணில் வெறும் மிரட்டல் அல்ல என்பதையும் சொல்லிவிடுகிறேன். தோட்டத் தொழிலாளர் தலைவரும் நிலம்பூர் சட்டமன்ற உறுப்பினருமான தோழர் குஞ்ஞாலி 1969 ஜூலையில் அங்கேதான் சுடப்பட்டு இறந்தார்.

இந்த இடத்தில் ஒன்றைத் தெளிவாகப் பேச வேண்டும். முஸ்லிம் பெண் என்பதால்தான் இத்தனை எதிர்ப்பு, நம் பக்கம் இப்படி இல்லை என்று யாராவது மனசுக்குள் நினைத்தால், அந்த நினைப்பை இங்கேயே விட்டுவிட்டுப் போங்கள். அதே நாடகத்தை எழுதியவர் முஸ்லிம். நடித்தவர்களில், பாதுகாப்பாக நின்றவர்களில், கைதட்டியவர்களில் எத்தனையோ பேர் முஸ்லிம்கள். நம் தமிழ்நாட்டில் நாடகக்காரிக்கு வீடு வாடகைக்குக் கொடுக்காத தெரு எந்த மதத்துத் தெரு? நம் வைண்டிங் தோழர் நடிக்கச் சம்மதித்த மறுநாளே அவர் வீட்டு வாசலில் போய் நின்று வம்பு பேசியவர்கள் யார்? எல்லா ஊரிலும் அந்தக் கல் ஒரே இடத்திலிருந்துதான் வருகிறது. பெண் சம்பாதிக்கலாம், ஆனால் நாலுபேர் முன் வாய் திறக்கக் கூடாது என்ற எண்ணத்திலிருந்து.

சரி, சினிமாவுக்கு வருகிறேன். அதைக் கேட்கத்தான் பலர் காத்திருக்கிறீர்கள்!

1961-ல் 'கண்டம் பெச்ச கோட்டு' என்ற மலையாளப் படம் வந்தது. ஒட்டுப்போட்ட கோட்டு என்று பொருள். மலையாளத்தின் முதல் வண்ணப்படம். அதை எடுத்தது யார் தெரியுமா? சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ், டி.ஆர். சுந்தரம். 1938-ல் மலையாளத்தின் முதல் பேசும்படமான 'பாலன்' எடுத்ததும் அதே கம்பெனிதான். 'கண்டம் பெச்ச கோட்டு' மேடை நாடகமாக ஓடிய கதை. ஒரு செருப்பு தைக்கும் தொழிலாளி. ஹஜ்ஜுக்குப் போக வேண்டும் என்று காசு காசாகச் சேர்க்கிறார். வரதட்சணை இல்லாமல் ஒரு பெண்ணின் கலியாணம் நிற்கிறது. அந்தக் கிழவர் சேர்த்த பணம் எங்கே போக வேண்டும் என்பதுதான் கதை. அந்தப் படத்தில் ஆயிஷா நடித்தார். மேடையில் அவர் எதற்காகக் கல்லடி பட்டாரோ, அந்த விஷயத்தையே திரையும் பேசியது.

பிறகு சில படங்கள். எனக்குப் பிடித்தது 1970-ல் பி.என். மேனன் எடுத்த 'ஓளவும் தீரவும்'. எம்.டி. வாசுதேவன் நாயரின் கதை. ஆற்றில் மரம் தள்ளிக்கொண்டு போய்ப் பிழைக்கிற ஜனங்களின் வாழ்க்கை. ஸ்டூடியோ அட்டைச் சுவரை விட்டுவிட்டு, ஆற்றங்கரைக்கே காமிராவைக் கொண்டுபோய் எடுத்தார்கள். அதில் ஆயிஷாவுக்கு ஒரு சிறு வேஷம். கதாநாயகி வேஷம் அவருக்கு எப்போதும் வரவில்லை. அம்மா, அக்கா, பக்கத்து வீட்டுப் பெண், இப்படித்தான். ஆனால் முகத்தைப் பாருங்கள்: நிஜமாகவே அடுப்பூதிய முகம்; பவுடர் போட்டு வறுமையை வரைந்த முகம் அல்ல.

இதுவரை நான் சொன்னதை எல்லா மேடையிலும் சொல்வார்கள். கல், தோட்டா, தைரியம், கைதட்டல் வாங்கிவிடும். நான் சொல்ல வந்தது இதற்கு அடுத்தது.

அந்த ஆயிஷா, ஒரு கட்டத்தில் எல்லாவற்றையும் விட்டுவிட்டு சவூதி அரேபியாவுக்குப் போனார். எதற்கு? நடிக்கவா, பாடவா? வீட்டு வேலைக்கு! அரபு வீட்டில் பாத்திரம் தேய்க்க, துணி துவைக்க, பிள்ளை வளர்க்க. ஒரு வருஷம் இரண்டு வருஷம் அல்ல, சுமார் 20 வருஷம்.

உங்களில் எத்தனை பேர் வீட்டிலிருந்து அக்காவோ தங்கையோ குவைத்துக்கும் சவூதிக்கும் அந்த வேலைக்குப் போயிருக்கிறார்கள்? கை தூக்கச் சொல்லவில்லை. அந்த வேலைக்கு மணிக்கணக்கு கிடையாது, பாஸ்போர்ட் பெரும்பாலும் எஜமானன் அலமாரியில் என்பது உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

ஏன் போனார்? பசி. நாடகம் சோறு போடவில்லை. சினிமாவில் சின்ன வேஷத்துக்குச் சின்னக் கூலி, அதுவும் படம் இருந்தால்தான். நாம் மில்லில் பிராவிடண்ட் பண்டுக்காகவும் கிராஜுவிட்டிக்காகவும் எத்தனை நாள் கேட்டில் உட்கார்ந்தோம்! ராத்திரி முழுக்க நின்று பாடி, ஆடி, விடியற்காலையில் லாரியில் ஊர் திரும்புகிற பெண்ணுக்கு என்ன பண்டு இருந்தது? அவர் மேடையில் நின்றபோது ஆயிரம் பேர் கைதட்டினோம். சுட்டபோது ஆத்திரப்பட்டோம். அடுப்பு எரிகிறதா என்று கேட்டோமா? 'நாம்' என்று தெரிந்துதான் சொல்கிறேன். நிலம்பூர்த் தோழர்களைக் குற்றம் சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை. போன வருஷம் நம் நாடகத்துக்கு மிருதங்கம் வாசித்த முதியவருக்கு பஸ் சார்ஜ்கூடக் கொடுக்காமல் சால்வை போட்டு அனுப்பினோமே, அந்தக் கமிட்டியில் நானும் இருந்தேன்.

ஆயிஷா திரும்பி வந்தார். வயதான பிறகு மறுபடி மேடை, மறுபடி சினிமா. அரபு நாட்டில் அவர் வேலைக்காரியாக வாழ்ந்த காலத்தை வைத்து 2023 ஜனவரியில் 'ஆயிஷா' என்றே ஒரு படம் வந்தது. ஆமிர் பள்ளிக்கல் டைரக்ட் செய்தார். மஞ்சு வாரியர் நடித்தார். ஒரு காலத்தில் சில்லறை வேஷம் கொடுத்த அதே சினிமாவில் அவருடைய வாழ்க்கையே கதாநாயகி வேஷமாயிற்று. அதை ஒரு பெரிய நட்சத்திரம் போட்டார். நல்ல விஷயம்தான், பார்க்காதவர்கள் பாருங்கள். இருந்தாலும் எனக்கு உள்ளே கொஞ்சம் உறுத்துகிறது.

கல் எறிந்தவர்கள் ஓய்ந்துவிட்டார்கள் என்று நினைக்க வேண்டாம். 2025 ஜூனில் நிலம்பூரில் இடைத்தேர்தல் வந்தது. 90 வயதை நெருங்கிய ஆயிஷா இடதுசாரி வேட்பாளருக்கு ஆதரவாக வந்து நின்றார். அவ்வளவுதான், செல்போனில் வசவு மழை. 1953-ல் எதைச் சொன்னார்களோ அதையே மறுபடி எழுதினார்கள். முன்பு கல் எறிகிறவன் மைதானத்துக்காவது நடந்து வர வேண்டியிருந்தது. இப்போது கட்டிலில் படுத்தபடியே எறிகிறான்.

செயலாளர் கடிகாரத்தைக் காட்டுகிறார். கமிட்டி முடிவுகளைச் சொல்லிவிட்டு உட்கார்ந்துவிடுகிறேன். பெண் தோழர்கள் இருவருக்கும், வாத்தியக்காரர்களுக்கும், ஒத்திகை நாளுக்கும் நாடக நாளுக்கும் சங்கப் பணத்திலிருந்து படி உண்டு. நடவு நாளில் ஒத்திகைக்கு வந்தால் அன்றைய நடவுக் கூலி முழுசாகத் தரப்படும். ராத்திரிச் சாப்பாடு உண்டு. உடை மாற்ற மேடைக்குப் பின்னால் தனித் தடுப்பு, பூட்டோடு. நாடகம் முடிந்ததும் வேன் முதலில் பெண்களை வீட்டு வாசலில் இறக்கிவிட்டுத்தான் சங்க ஆபீசுக்கு வர வேண்டும்.

அந்த வேனில் கூடப் போக ஒரு பொறுப்பான ஆள் வேண்டும் என்றோம். நம் டீக்கடை அண்ணனே கை தூக்கியிருக்கிறார். அவர் பெயரை எழுதிக்கொள்ளுங்கள்.