ஒரு செய்திக்கு எத்தனை சாட்சி?

(பழைய மாணவர் சங்க ஒன்றுகூடலில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



கட்டுரை, புராஜெக்ட் என்று எதைக் கொடுத்தாலும் அதற்கு விஷயம் சேகரிப்பது எப்படி என்று பேசச் சொன்னார்கள். பொதுவாகப் பேசினால் உங்களுக்குத் தூக்கம் வந்துவிடும். அதனால் நம் பக்கத்து விஷயம் ஒன்றையே எடுத்துக்கொள்கிறேன்: முல்லைப் பெரியாறு அணை. இந்தப் பள்ளத்தாக்கில் அந்தத் தண்ணீரில் விளைந்த சோற்றைச் சாப்பிடாதவர் யார்? ஜனவரி 15 வந்தால் பென்னிகுக் பிறந்தநாள் என்று பொங்கல் வைக்கிறோம். தெரிந்த விஷயம்தானே என்று நினைக்கிறோம். தெரிந்த விஷயத்தில்தான் ஆராய்ச்சி கஷ்டம்.

அணையின் உயரம் எவ்வளவு என்று கேட்டுப் பாருங்கள். ஒருத்தர் 176 அடி என்பார். இன்னொருத்தர் 155. அடுத்தவர் 152, அதற்கடுத்தவர் 142, கடைசி பெஞ்சுக்காரர் 136. யாருமே பொய் சொல்லவில்லை! அஸ்திவாரத்தின் அடியிலிருந்து அளந்தால் 176. அணையின் மேல்தளம் 155-இல் இருக்கிறது. முழுக் கொள்ளளவுக்குத் தண்ணீர் நிற்க வேண்டிய மட்டம் 152. பாதுகாப்பைச் சொல்லி 1979-இல் குறைத்த மட்டம் 136. உச்ச நீதிமன்றம் 2006-இலும், மறுபடி 2014 மே 7 தீர்ப்பிலும் அனுமதித்தது 142. ஆக, எண்ணை மட்டும் குறித்துக்கொண்டு வந்தால் பிரயோசனமில்லை. எதை அளந்தது, எங்கிருந்து அளந்தது, எந்த வருஷத்துக் கணக்கு என்று மூன்றையும் சேர்த்து எழுத வேண்டும். 2011 டிசம்பரில் இந்த அணையை வைத்துக் குமுளி எல்லையில் பதற்றம் மூண்டு போக்குவரத்தே நின்றது பலருக்கு நினைவிருக்கும். அந்த மாதிரி நேரத்தில் தப்பான ஒரு எண் என்ன பாடு படுத்தும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

அடுத்தது ஆண்டு. பெரியாற்றைக் கிழக்கே திருப்பலாம் என்ற யோசனையை முதலில் எடுத்தவர் இராமநாதபுரம் பிரதானி முத்திருளப்ப பிள்ளை என்று படிக்கிறோம். சில நூல்களில் 1789, சில நூல்களில் 1798. எதை எழுதுவது? "மெஜாரிட்டி எதுவோ அதைப் போட்டுடலாம் சார்" என்று ஒரு தம்பி என்னிடம் சொன்னார். இது தேர்தல் இல்லை தம்பி! பக்கத்து ஜன்னல் வழியாகப் பார்க்க வேண்டும். அவர் யாருக்குப் பிரதானி? முத்துராமலிங்க சேதுபதிக்கு. அந்தச் சேதுபதியைக் கும்பெனியார் 1795-லேயே பதவியிலிருந்து இறக்கிச் சிறை வைத்துவிட்டார்கள். அப்படியானால் 1798-இல் அவருடைய பிரதானி எப்படி ஆள் அனுப்பி மலையைப் பார்த்து வரச் சொல்ல முடியும்? 1798 என்று எழுதுகிறவர் இதற்கு விளக்கம் சொல்லியாக வேண்டும். அணையைப் பற்றிய பத்துப் புத்தகத்தைப் புரட்டினாலும் இந்தக் கேள்வி எழாது. சேதுபதிகள் வரலாற்றைத் திறந்தால் அஞ்சு நிமிஷத்தில் எழும்.

இப்போது முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். "எல்லாப் புத்தகத்திலயும் போட்டிருக்கே சார்" என்கிறீர்களே, எல்லாம் ஒரே புத்தகத்தைப் பார்த்து எழுதியதாக இருந்தால் உங்களிடம் இருப்பது ஒரே சாட்சிதான். எனவே நூல்களை எழுதிய வருஷப்படி வரிசையாக அடுக்கிக்கொள்ளுங்கள். நெல்சன் எழுதிய மதுரைச் சீமை நூல் 1868. அப்போது அணையே கிடையாது. தண்ணீர் வருமுன் இந்த மண் எப்படியிருந்தது என்று அறிய அது உதவும். திருவிதாங்கூரோடு குத்தகை ஒப்பந்தம் 1886 அக்டோபர் 29. 8,000 ஏக்கர், 999 வருஷம். அணை திறந்தது 1895. பொறியாளர் ஏ.டி. மெக்கென்சி எழுதிய பெரியாறு திட்ட வரலாறு 1899-இல் சென்னையில் அச்சானது. பிரான்சிஸின் மதுரை கெஜட்டியர் 1906. பிரான்சிஸ் எழுத உட்காரும்போது மெக்கென்சி அச்சாகி ஏழு வருஷமாகிவிட்டது. இரண்டும் ஒத்துப்போனால் உடனே "இரண்டு ஆதாரம்" என்று சந்தோஷப்படாதீர்கள்.

பென்னிகுக் சொந்தச் சொத்தை விற்று அணையைக் கட்டினார் என்ற செய்தியையும் இப்படித்தான் பார்க்க வேண்டும். சிலருக்கு முகம் சுருங்குவது தெரிகிறது! அவர் மேல் எனக்கும் மரியாதை உண்டு. லோயர்கேம்ப் மணிமண்டபத்தைத் தாண்டும்போது பஸ்ஸிலிருந்தே கும்பிடுகிறவன் நான். ஆனால் மாணவர் கேட்க வேண்டியது: இதை முதலில் எழுதியவர் யார், எந்த ஆண்டில்? எந்தச் சொத்து, எவ்வளவு தொகை? விற்றிருந்தால் பத்திரம் இருக்கும். அரசு வேலைக்குத் தனியார் பணம் வந்திருந்தால் கணக்கில் வரவு இருக்கும். அதைத் தேடிப் போங்கள். கிடைத்தால் உங்கள் பெயர் நிற்கும். கிடைக்கும் வரை "மக்கள் இவ்வாறு சொல்கிறார்கள்" என்று எழுதுங்கள். அதுவும் உண்மையான வாக்கியம்தான், மார்க் குறையாது.

செல்போனில் கேட்டால் நொடியில் பதில் வருகிறதே என்பீர்கள். நல்லது, எங்கே தொடங்கலாம் என்பதற்கு வைத்துக்கொள்ளுங்கள். பழைய அரசு ஆவணங்களுக்கு எழும்பூர் ஆவணக் காப்பகம், புத்தகங்களுக்குக் கன்னிமாரா. சென்னை தூரம் என்றால் மதுரையில் 2023-இல் திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகம் இருக்கிறது. எங்கே எடுத்தாலும் ஒரு செய்திக்கு ஒரு துண்டுச்சீட்டு. அதில் நூல், ஆண்டு, பக்க எண். பக்க எண் எழுத ரெண்டு விநாடிதான். விட்டால் தேடுவதற்கு ரெண்டு நாள்.

இந்தக் கூடத்தில் பொதுப்பணித்துறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர்கள் கொஞ்சம் கை தூக்குங்கள். பாருங்கள், ஏழெட்டுப் பேர் இருக்கிறார்கள்! மதியச் சாப்பாட்டுக்கு அப்புறம் இவர்கள் எல்லாம் வேப்பமரத்தடியில்தான் உட்காரப் போகிறார்கள். நோட்டோடு போங்கள். தேதியைப் போட்டு, அவர் கண்ணால் பார்த்ததை ஒரு பக்கமும், கேள்விப்பட்டதை எதிர்ப்பக்கமும் எழுதிக்கொள்ளுங்கள்.