விலைபோகாத படம்

(ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)



மேடையேறக் காத்திருக்கும் நம் சங்கத்துச் சிறுவர் சிறுமியரைக் கண்டதும், ஆங்கிலப் பாடகர் ஒருவரின் வரலாறு நம் நினைவுக்கு வந்தது. 1947-ல் லண்டனில் பிறந்த டேவிட் போவி என்பவரே அவர். மேனாட்டுச் சங்கீதம் நமக்கு எட்டாத துறை; ஆயினும் அவர் கதை எட்டுகிறது.

1967-ல் வெளியான அவருடைய முதல் இசைத்தொகுப்பு விலைபோகவில்லை. அவருடைய நிர்வாகி கென்னத் பிட் மனந்தளர்ந்தாரில்லை. பிள்ளையின் திறமையை டெலிவிஷன்காரர்கள் கண்ணாரக் காணட்டும் என்று, 1969-ம் வருஷத் தொடக்கத்தில், தம் கைப்பணத்தைப் போட்டு அரைமணி நேரப் படமொன்று எடுப்பித்தார். வேறொரு படத்தின் பொருட்டு முடியைக் கத்தரித்திருந்தபடியால், போவி இதில் பொய்முடி தரித்தே தோன்றினார். பாட்டுகளோடு பேச்சற்ற அபிநயமும் உண்டு. முகமூடி அணிந்து புகழ்பெறும் நடிகன், முடிவில் அம்முகமூடியாலேயே மடிகிறான் என்பது அதன் கதை. புகழ் வருமுன்னரே அதைக் கண்டு அஞ்சினார் போலும்!

பழைய பாட்டுகள் போதா, புதிதாக ஒன்று வேண்டும் என்றார் பிட். போவி இயற்றித் தந்ததுதான், விண்வெளியில் தனித்து மிதக்கும் யாத்திரிகனைப் பற்றிய 'ஸ்பேஸ் ஆடிட்டி'.

படத்தை வாங்குவார் இல்லை. பார்சல் ஆபீசில் எடுப்பாரற்றுக் கிடக்கும் மூட்டைகளை நாம் நாள்தோறும் பார்க்கிறோம். அனுப்பியவனுடைய நம்பிக்கையும் அந்தச் சாக்கினுள்ளேயே கட்டுண்டு கிடக்கும். அவ்வாறே கிடந்தது அப்படமும், ஏறத்தாழ 15 வருஷம்.

பாட்டு மாத்திரம் வெளியேறிவிட்டது. மறுபடி ஒலிப்பதிவாகி, 1969 ஜூலை 11-ல் இசைத்தட்டாக வந்தது. ஒன்பதாம் நாள் மனிதன் சந்திரனில் இறங்கினான். அவ்வருஷம் முடியுமுன் பிரிட்டிஷ் விற்பனை வரிசையில் அப்பாட்டு 5-ம் இடத்தைப் பிடித்தது. 2013-ல் கிறிஸ் ஹாட்ஃபீல்ட் என்னும் கனடா நாட்டு விண்வெளி வீரர், பூமியைச் சுற்றும் நிலையத்திலிருந்தே அதைப் பாடினார்!

1984-ல் படம் வீடியோவாக வெளிவந்தது. உலகறிந்த ஒருவரின் அறியப்படாத இளமுகத்தை ஜனங்கள் அதில் கண்டனர்.

ஆனால் பிட் அவர்களுக்கு என்ன கிடைத்தது? 1970-லேயே போவி அவரைவிட்டுப் பிரிந்துவிட்டார். போவியை நாம் குறைகூறவில்லை. இளைஞர் அப்படித்தான் போவர். எனினும் கைப்பணத்தைப் போட்டவரிடமே நம் மனம் போய் நிற்கிறது. இன்றைய விழாவில் பாடப்போகும் குழந்தைகளை அழைத்துக்கொண்டு வாரந்தோறும் பாட்டு வகுப்புக்கு நடந்த தகப்பன்மார் சிலர், அதோ கடைசி வரிசையில் நின்றுகொண்டே இருக்கிறார்கள். முன்னால் நாற்காலிகள் காலியாக உள்ளன. தயைசெய்து வந்து அமருங்கள். சுருதி சேர்ந்துவிட்டது.