அத்தர் கடையும் எழுதுகோலும்

(நமது மக்தப் மதரஸாவின் ஆண்டு விழாவில் இமாம் அவர்கள் ஆற்றிய உரை)

 

 

அண்மையில் நம் மஹல்லாவைச் சேர்ந்த தாயார் ஒருவர், "பிள்ளை ஓதினால் ஆலிமாகிவிடுவான், பிழைப்புக்கு என்ன செய்வான் ஹஜ்ரத்?" என்று நம்மிடம் வினவினார். அவ்வினாவில் குற்றமில்லை. கடை வைத்தும் கடல் கடந்தும் குடும்பங்களைக் காத்துவரும் நம் கீரனூர் மக்கள் கேட்க வேண்டிய கேள்விதான் அது. அதற்கு விடையாக ஒரு பெரியாரின் வாழ்வை எடுத்துரைக்க விரும்புகிறோம்.

ஜும்ஆ நாளில் நாம் பூசிக்கொள்ளும் அத்தர், 'இத்ர்' என்னும் அரபுச் சொல்லிலிருந்து வந்ததாகும். நறுமணப் பொருள்களையும் மருந்துச் சரக்குகளையும் ஆயத்தம் செய்து விற்பவரே 'அத்தார்'. இன்றைய ஈரானிலுள்ள நைஷாபூரில் கி.பி. 12-ஆம் நூற்றாண்டில் அத்தொழிலைச் செய்து, தொழிற்பெயராலேயே உலகப் புகழ் பெற்றவர் ஷைகு ஃபரீதுத்தீன் அத்தார் (ரஹ்) அவர்கள்.

அவர்களைப் பற்றி நாம் பயான்களில் கேட்டிருப்பது ஒரு நிகழ்ச்சி. கடைக்கு வந்த ஃபக்கீர் ஒருவர், தம் மரக்கிண்ணத்தைத் தலைக்கு வைத்துப் படுத்து, அல்லாஹ் என்று கூறி உயிர் துறந்தாராம். அதைக் கண்டு மனம் மாறிய அத்தார் அவர்கள் கடையைத் துறந்தார்களாம். இது மவ்லானா ஜாமீ (ரஹ்) அவர்கள், அத்தார் மறைந்து சுமார் 250 ஆண்டுகளுக்குப் பின் எழுதிய நூலில் காணப்படுவது. ஆனால் அத்தார் அவர்களின் பெயரால் வழங்கும் நூலொன்றின் முகவுரையோ வேறு கூறுகிறது. 'முஸீபத் நாமா', 'இலாஹி நாமா' ஆகிய இரு காவியங்களையும் மருந்துக்கடையில் இருந்தவாறே தொடங்கியதாகவும், நாள்தோறும் 500 பேர் நாடி காட்ட வந்ததாகவும் அதில் உள்ளது. எண்ணிக்கை கவிஞர் வழக்காக இருக்கலாம். எனினும் ஒரு கையில் நோயாளியின் நாடியும் மறு கையில் எழுதுகோலுமாக வாழ்ந்த ஒருவரை அங்கே காண்கிறோம்.

அக்காலக் கவிஞர் பலர் அரசவையில் புகழ் பாடிப் பரிசில் பெற்று வாழ்ந்தனர். அத்தார் அவர்களோ அரசவையை நாடியவரல்லர். கடை சோறு போட்டது. ஆகவே நாவு எவருக்கும் அடிமைப்படவில்லை. 1177-ஆம் ஆண்டளவில் அவர்கள் இயற்றிய 'மன்திகுத் தைர்' என்னும் காவியத்தில், ஹுத்ஹுத் பறவையின் தலைமையில் பறவைகள் ஏழு பள்ளத்தாக்குகளைக் கடந்து தம் அரசனைத் தேடிச் செல்கின்றன. ரோஜாவை விட்டு வரமாட்டேன் என்று சாக்குச் சொல்லும் புல்புலுக்கு, அம்மலரின் அழகு சில நாட்களே என்று ஹுத்ஹுத் உணர்த்துகிறது. ரோஜாவின் அருமையையும் அதன் வாட்டத்தையும் அத்தர் வணிகரை விட நன்கறிந்தவர் யார்?

அவர்களின் உரைநடை நூலான 'தத்கிரத்துல் அவ்லியா'வைப் புரட்டிப் பாருங்கள். அதில் வரும் இறைநேசர்களின் பெயர்களே நமக்குப் பாடம். ஹத்தாத் என்றால் கொல்லர். நஸ்ஸாஜ் என்றால் நெசவாளர். கஸ்ஸார் என்றால் துணி வெளுப்பவர். எத்தொழிற்பெயரும் அவர்களுக்கு இழுக்காகவில்லை.

நல்ல நண்பரைக் கஸ்தூரி வணிகருக்கு ஒப்பிட்டார்கள் நம் நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள். அவரிடம் நாம் ஒன்றும் வாங்காவிடினும் நறுமணமேனும் நம்மை வந்தடையும் என்னும் அந்த நபிமொழி புகாரி, முஸ்லிம் ஆகிய இரு கிரந்தங்களிலும் பதிவாகியுள்ளது. ஆலிமும் வணிகரும் அவ்வாறே இருத்தல் வேண்டும்.

எனவே பெற்றோர்களே! பிள்ளையை ஓத அனுப்புங்கள். உடன் ஒரு தொழிலையும் கற்பியுங்கள். ஆலிம் ஒருவர் கடையில் தராசு பிடித்தால் அவரைத் தாழ்வாக எண்ணாதீர்கள். அதேவேளை, இமாம்களின் ஊதியத்தைக் குறைத்துவிட்டுத் தொழில் செய்யச் சொல்வதற்கு நம் பேச்சை யாரும் ஆதாரமாக்கிவிட வேண்டாம்!

1221-இல் மங்கோலியப் படை நைஷாபூரை அழித்தபோது அத்தார் அவர்கள் ஷஹீதானதாகக் கூறப்படுகிறது. கடையும் கடைத்தெருவும் மண்ணாயின. எழுதியவை மட்டும் 800 ஆண்டுகளாக மணக்கின்றன. நம் பிள்ளைகளுக்கு ஹலாலான உழைப்பையும் பயன்தரும் கல்வியையும் வல்ல ரஹ்மான் ஒருசேர வழங்குவானாக! ஆமீன்.